விசர் என்று சொல்லாதீர்கள்

வணக்கம் அண்ணா,

எங்களுக்கு மட்டக்களப்புக் கல்லடி. அம்மா போய் ஏழு மாதமாகிறது. அப்பா பின்னேரங்களில் இரண்டு கோப்பை தேத்தண்ணி ஊற்றி வைத்துக்கொண்டு அம்மாவோடு கதைக்கிறார். "அம்மா செத்துட்டா" என்று தினமும் சத்தமாகச் சொல்லிப் பார்த்தோம், எழும்பிப் போய்விடுகிறார். சொந்தக்காரர் விசர், பைத்தியம் என்கிறார்கள். பேய் ஓட்டும் கட்டாடியிடம் காட்டுவதா, என்னோடு கொழும்புக்குக் கூட்டிவருவதா?

அன்புள்ள தம்பி,

கட்டாடியை விடுங்கள். கொழும்புக் கதையும் இப்போதைக்கு வேண்டாம். முதலில் அந்தச் சத்தம் போடுவதை நிறுத்துங்கள். அவள் செத்தது அவருக்குத் தெரியாதா? துணையை இழந்த 293 பேரிடம் கேட்டு, வேல்ஸ் மருத்துவர் டெவி ரீஸ் 1971இல் எழுதினார்: கிட்டத்தட்டப் பாதிப்பேர் இறந்தவரை ஏதோ ஒரு விதத்தில் உணர்ந்திருக்கிறார்கள், சிலர் குரலும் கேட்டிருக்கிறார்கள். பெரும்பாலானோர் அதை யாரிடமும் சொன்னதில்லை.

நம் ஊர் ஆம்பிளை எங்கே சொல்வான்? செத்தவீட்டில் பெண்கள் கட்டிப்பிடித்து ஒப்பாரி வைக்கலாம். அவனுக்குப் பந்தல், பெட்டி, கதிரை, எட்டாம் நாள் சடங்குச் செலவுக் கணக்கு. கண் கலங்கினால் "நீயே உடைஞ்சா பிள்ளையள் என்ன செய்யும்" என்று ஒருத்தர் தோளைத் தட்டுவார். 31ஆம் நாள் சடங்கு முடிந்ததும் எல்லாரும் போய்விடுவார்கள்.

2004 டிசம்பர் 26 காலை, சுனாமி வந்தபோது, நாவலடியில் என் பெரியப்பாவின் இரண்டு மகள்மாரையும் கடல் கொண்டுபோனது. முகாமில் பெரியம்மா விழுந்து விழுந்து அழுதா. பெண்கள் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார்கள். பெரியப்பா உடல்களைத் தேடினார், பதிவுக்கு வரிசையில் நின்றார், நிவாரண அரிசி சுமந்தார். "திடமான மனிசன்" என்று எல்லாரும் புகழ்ந்தார்கள். சித்திரை வருவதற்குள் கல்லடிப் பாலத்தில் போய் நிற்கத் தொடங்கினார். கேட்டால், பிள்ளைகள் ரியூசன் விட்டு வரும் நேரம் என்பார். உடனே விசர் என்றார்கள். அவர் பக்கத்தில் ஒரு இரவாவது யாரும் உட்கார்ந்து அழ விட்டிருந்தால்? இந்தக் கோபம் எனக்கு ஆறவே இல்லை. கடல் பாதி என்றால், அந்தப் புகழ்ச்சி மீதி.

உங்கள் கடிதத்திலும் அப்பா அழுததாக ஒரு வரி இல்லை. நீங்கள் அழுததாகவும் இல்லை. லீவு போட்டு வாருங்கள். அவர் கதைக்கும்போது பக்கத்தில் இருங்கள். திருத்த வேண்டாம், ஆமாம் போடவும் வேண்டாம். அம்மாவைப் பற்றிக் கேளுங்கள், சொல்லட்டும்.

ஆனால் சாப்பாட்டை, நித்திரையை விட்டாலோ, "நானும் அவளிட்டப் போறன்" என்றாலோ ஒரு நாளும் தாமதிக்காதீர்கள். மட்டக்களப்பு போதனா வைத்தியசாலையில் உளநலப் பிரிவு இருக்கிறது. தேசிய மனநல உதவி எண் 1926க்கு அழைத்தும் கேட்கலாம். சொந்தக்காரர் என்ன சொல்வார்களோ என்று அப்போது யோசித்துக்கொண்டு நிற்காதீர்கள்.