மாவு மில் குரல்

போன இதழில் யூஜின் பாலெட் என்று ஒரு பழைய ஹாலிவுட் நடிகரின் பெயரைப் போகிற போக்கில் சொல்லி வைத்தேன். அதற்கே மூன்று கடிதங்கள். எம்.ஜி.ஆர். பற்றி எழுதினால்கூட இப்படி வருவதில்லை.

வாசகி, தென்காசி: பேசும் படம் வந்ததும் குரல் சரியில்லாத நடிகர்கள் எல்லாம் வீட்டுக்குப் போனார்கள் என்கிறீர்கள். கர்ண கடூரமான குரலை வைத்துக்கொண்டு இந்த பாலெட் மட்டும் எப்படிப் பிழைத்தார் சார்?

முதலில் ஆளை அடையாளம் காட்டிவிடுகிறேன். 1938இல் வந்த ‘ராபின் ஹூட்’ வண்ணப்படம் பார்த்திருப்பீர்கள். எரால் ஃப்ளினை முதுகில் சுமந்துகொண்டு ஓடையைக் கடப்பாரே தொந்தி பெருத்த ஒரு சாமியார், அவர்தான். எங்கள் ஊர் மாவு மில்லில் பெல்ட்டை மாட்டிவிட்டதும் அடிவயிற்றிலிருந்து ஓர் உறுமல் கிளம்பும். அதற்கு வாய் முளைத்துப் பேசினால் எப்படியிருக்குமோ அதுதான் பாலெட்டின் குரல்.

ஆனால் அவர் தொந்தியோடு சினிமாவுக்கு வரவில்லை. 1916இல் இயக்குநர் கிரிஃபித் எடுத்த ‘இன்டாலரன்ஸ்’ மௌனப்படத்தில் 1572ஆம் ஆண்டு பாரிஸ் படுகொலை ஒரு கிளைக்கதை. அதில் காதலியைக் காப்பாற்றத் தெருத்தெருவாக ஓடிவரும் இளைஞன் இவர். ஒல்லி உடம்பு, உருக்கமான கண். முதல் தடவை பார்த்தபோது எனக்கு நம்பிக்கை வராமல் பெயர்ப் பட்டியலை மறுபடி ஓடவிட்டுச் சரிபார்த்தேன். 1921இல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸின் ‘த்ரீ மஸ்கட்டியர்ஸ்’ படத்தில்கூட வாள் பிடித்த மூவரில் ஒருவர். அப்புறம் உடம்பு போட்டது. நாயகன் உத்தியோகம் போனது.

1927இல் லாரல்–ஹார்டி குட்டிப் படங்களில் தலைகாட்டிக்கொண்டிருந்தார். ஒன்றில் இன்ஷூரன்ஸ் ஏஜென்ட். லாரல் பேரில் பாலிசி எடுத்தால் காசு பார்க்கலாம் என்று ஹார்டியின் காதில் ஓதுவார். லாரல் வழுக்கி விழட்டும் என்று ஹார்டி வாழைப்பழத் தோலைப் போட்டு வைப்பார். வழுக்கி விழுவதோ ‘பை’ (pie) என்கிற தின்பண்டம் சுமந்துவந்த ஆள். தெருவே ஒருவர் முகத்தில் ஒருவர் அந்தப் ‘பை’யை அப்பிக்கொள்ளும். மூலகாரணம் நம்ம ஏஜென்ட்.

மறுவருஷம் ஜூலையில் வார்னர் பிரதர்ஸ் ‘லைட்ஸ் ஆஃப் நியூயார்க்’கை வெளியிட்டது. முழுக்க முழுக்க வசனம் பேசிய முதல் முழுநீளப் படம் அதுதான். முழுநீளம் என்றாலும் 57 நிமிஷம்தான். கள்ளச்சாராயக் கும்பலிடம் ஏமாந்து மாட்டிக்கொள்ளும், முடிவெட்டும் சலூன்காரர்கள் இருவரின் கதை. அதில் ஒரு சலூன்காரர் பாலெட்! மைக்கை டெலிபோனுக்குள்ளும் பூஜாடிக்குள்ளும் ஒளித்துவைத்த காலம் அது. நகர்ந்தால் குரல் போய்விடும். மற்றவர்கள் எழுத்துக் கூட்டிப் படிப்பது போலப் பேசுகிறார்கள். இவர் ஒருவர்தான் கடைக்கு வந்த ஆளிடம் பேசுவது போலப் பேசுகிறார். படம் சுமார்தான், இவருக்காகப் பார்க்கலாம்.

1929இல் ‘கானரி மர்டர் கேஸ்’. மௌனப்படமாக எடுத்து, பிறகு பேசும் படமாக மாற்றினார்கள். முக்கிய நடிகை லூயிஸ் புரூக்ஸ் குரல் கொடுக்கத் திரும்பி வர மாட்டேன் என்றுவிட்டார். வேறொரு நடிகையைப் பேசவைத்து ஒட்டினார்கள். ஒட்டு நன்றாகவே தெரிகிறது. அதே படத்தில் சார்ஜென்ட் ஹீத்தாக பாலெட் தன் மாவு மில்லைத் திறந்துவிட்டிருக்கிறார். அந்தப் பாத்திரத்தை இன்னும் மூன்று துப்பறியும் படங்களுக்கு அவரிடமே கொடுத்தார்கள்.

எப்படிப் பிழைத்தார் என்றால், அவருக்கென்று யாரும் மனசில் ஒரு குரல் வைத்திருக்கவில்லை அம்மா. நாயகனுக்கும் நாயகிக்கும் ரசிகர்கள் பத்து வருஷமாகத் தாங்களாகவே குரல் கற்பித்து வைத்திருந்தார்கள். நிஜக் குரல் அதற்குப் பொருந்தாதபோது ஏமாற்றம். ஓரத்தில் நிற்கிற குண்டு மனிதர் எப்படிப் பேசுவார் என்று எவர் யோசித்தார்?

வாசகர், மதுரை: வயது 26. கறுப்பு வெள்ளைப் படத்தை முழுதாக உட்கார்ந்து பார்க்கப் பொறுமை இல்லை. பாலெட்டின் ஒரே ஒரு காட்சி சொல்லுங்கள், பார்க்கிறேன்.

‘தி லேடி ஈவ்’, 1941. இவர் பெரிய பீர் வியாபாரி. பாட்டுப் பாடிக்கொண்டே காலைச் சாப்பாட்டுக்கு இறங்கி வருகிறார். வீட்டில் அன்று விருந்து ஏற்பாடு, வேலைக்காரர்கள் எல்லாம் அதில் மும்முரம். மேஜையில் ஒன்றுமில்லை. கூப்பிடுகிறார், மணி அடிக்கிறார், ஒருத்தரும் எட்டிப் பார்க்கவில்லை. கடைசியில் வெள்ளித் தட்டு மூடிகள் இரண்டை எடுத்து ஜால்ரா மாதிரி அடிக்க ஆரம்பித்துவிடுகிறார். கோடீஸ்வரர், பசி வந்தால் மூன்று வயதுக் குழந்தை. என் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை இட்லி தாமதமானால் நான் மூடியைத் தொட்டாலே போதும், உள்ளேயிருந்து “பாலெட் ஆரம்பிச்சாச்சு” என்று குரல் வரும்.

வாசகர், கோவை: இவ்வளவு நல்ல நடிகருக்கு ஆஸ்கர் கொடுத்தார்களா?

துணை நடிகருக்கு ஆஸ்கர் என்பதே 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் ஆரம்பம். ஆரம்ப வருடங்களில் அவர்களுக்குச் சிலைகூடக் கிடையாது, ஒரு தகடுதான். அந்த 1936இல் வந்த ‘மை மேன் காட்ஃப்ரே’ நடிப்புக்கான நாலு பிரிவுகளிலும் பரிந்துரை பெற்றது. நாயகன், நாயகி, துணை நடிகர், துணை நடிகை. அந்தத் துணை நடிகர் ‘மிஷா ஆவர்’ என்பவர். பணக்கார அம்மாள் வீட்டில் ஓசிச் சாப்பாடு சாப்பிட்டுக்கொண்டு, கேட்டால் குரங்கு மாதிரி தாவிக் காட்டுகிற பாத்திரம். அந்த வீட்டு பில்லையெல்லாம் கட்டி அழுகிற குடும்பத் தலைவர்தான் பாலெட். அவர் பெயர் பட்டியலில் இல்லை.