தொட்டிக்கு முன்னால் எக்ஸ்ரே

கேள்வி: எங்கள் வளர்ப்புப் பல்லி, பியர்டட் டிராகனுக்கு 2 வயது. பத்து நாளாகப் பின்னங்காலை இழுத்துக்கொண்டு நகர்கிறான். வெதுவெதுப்பான நீரில் நீந்தவிட்டால் கால் தேறும் என்கிறார் நண்பர். நாளைக்கே ஆரம்பிக்கலாமா?

பதில்: நாளைக்கு வேண்டாம். முதலில் எக்ஸ்ரே. இப்படிக் காலை இழுத்துக்கொண்டு என் மேஜைக்கு வரும் டிராகன்களில் பலவற்றுக்குக் கோளாறு எலும்பில்தான். கால்சியம் போதாமல் மெலிந்திருக்கும். ‘யூவிபி (புற ஊதாக் கதிர்) விளக்கு எரிகிறதே டாக்டர்’ என்பார்கள். எரியும். ஆனால் வெளிச்சம் அப்படியே இருக்க, கண்ணுக்குத் தெரியாத அந்தக் கதிர் மட்டும் மாதக்கணக்கில் மங்கிக்கொண்டே வரும். கதிர் குறைந்தால் உடலில் வைட்டமின் டி3 உருவாகாது. தின்ற கால்சியமும் உடம்பில் சேராது. அந்த எலும்போடு தண்ணீரில் உதைத்தால் தொட்டியிலேயே முறியலாம். முதுகெலும்பில் அடியா, வயிற்றில் முட்டையா என்பதும் படத்தில் தெரியும். (‘அவன்’ என்று எழுதியிருக்கிறீர்கள். முட்டையிட்ட ‘அவன்’களை நான் பார்த்திருக்கிறேன்.)

மருத்துவர் சரி என்ற பிறகு தாராளமாகச் செய்யலாம். தரையில் தன் எடையைத் தூக்க முடியாத கால், நீர் எடையைத் தாங்கிக்கொண்டதும் மெல்ல அசையத் தொடங்கும். அசைக்கும்போது நீரே எதிர்த்துத் தள்ளுவதால் தசைக்கும் வேலை. சூடு 30 முதல் 32 டிகிரி. கையை விட்டுப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், வெப்பமானி வையுங்கள். நமக்கு ‘ஆறிப்போச்சு’ என்று தோன்றுவதுதான் அதற்கு இதம். ஆழம் தோள் வரை, அதற்கு மேல் வேண்டாம். நெஞ்சுக்கு அடியில் உங்கள் உள்ளங்கை கடைசி வரை இருக்க வேண்டும். ஒருமுறை துண்டை எடுக்கத் திரும்பினேன், இரண்டு நொடிதான். பார்த்தால் ஐயாவின் மூக்கு நீருக்குள். அன்றிலிருந்து துண்டு என் தோளில்தான்.

முதல் நாள் 3 நிமிடம் போதும். அதற்குள்ளேயே தாடி (தொண்டைக்கு அடியிலுள்ள தோல்) கறுத்தாலோ, வாயைப் பிளந்தாலோ எடுத்துவிடுங்கள். அது பயத்தின் அறிகுறி, அன்று பயிற்சி கிடையாது. தண்ணீரில் மலம் கழிப்பது சகஜம். அந்த நீரை அது குடித்துவிடும், உடனே மாற்றுங்கள். முடிந்ததும் துடைத்து, விளக்கின் சூட்டில் விடுங்கள். தன் உடம்பைத் தானே சூடாக்கிக்கொள்ள அதற்கு முடியாது. ஊர்வனவற்றிடம் சால்மோனெல்லா கிருமி இருக்கும். அதனால் தொட்டி தனி. சமையலறைத் தொட்டியில் கழுவக் கூடாது. கையைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.

மூச்சில் கரகரப்பு, தையல், ஆறாத புண் இருந்தால் தண்ணீர்ப் பக்கமே போக வேண்டாம்.

கேள்வி: எங்கள் முயலுக்கும் பின்னங்கால் பலவீனம். இதையே செய்யலாமா?

பதில்: வீட்டில் கூடாது. பயந்து ஒரு உதை விட்டால் முயலின் இடுப்பு முள்ளெலும்பு முறிந்துவிடலாம். அவ்வளவு வலுவான கால், அவ்வளவு லேசான எலும்பு. அடிரோமம் நனைந்தால் காய நெடுநேரமாகும், அதற்குள் குளிர் ஏறிவிடும். பின்பக்கம் அழுக்கானால் அந்த இடத்தை மட்டும் ஈரத்துணியால் துடைத்து உலர்த்துங்கள். வழுக்காத விரிப்பைப் போட்டு, மருத்துவர் காட்டித்தரும் விதத்தில் காலை மடக்கி நீட்டிவிடுங்கள்.