பாஞ்சோ எங்கிருந்து வந்தது?

கேள்வி: பியான்சே அமெரிக்காவின் கறுப்பினப் பாப் பாடகி. அவர் 2024இல் 'கௌபாய் கார்ட்டர்' என்ற ஆல்பத்தோடு கன்ட்ரி இசைக்குள் நுழைந்தார். அமெரிக்காவின் நாஷ்வில் நகரில் இருக்கும் கன்ட்ரி இசைச் சங்கம் தன் விருதுகளில் ஒன்றுக்குக்கூட அதைப் பரிந்துரைக்கவில்லை. ஆனால் கிராமி குழுவோ சிறந்த கன்ட்ரி ஆல்பம் என்று அதற்கே பரிசு கொடுத்துவிட்டது. வெள்ளை உழவர்களின் நாட்டுப்புற இசையில் ஒரு பாப் நட்சத்திரம் போய் முடிசூடிக்கொள்வது நியாயமா? அவரவர் இசையை அவரவர் பாடினால் போதாதா?

(வாசகர் ஒருவர், கும்பகோணம்)

பதில்: உங்கள் கேள்வியில் 'நுழைந்தார்' என்று ஒரு சொல் இருக்கிறது. எனக்குச் சண்டை அந்தச் சொல்லோடுதான். ஒருவர் நுழைந்தார் என்றால் அதுவரை வெளியே இருந்தார் என்று ஆகிறது. அவரை வெளியே நிறுத்தியது யார், எப்போது என்று கேட்காமல் இதில் நியாயம் பேச முடியாது.

முதலில் பெயரைப் பார்ப்போம். கன்ட்ரி என்பதைத் தமிழில் நாட்டுப்புற இசை என்று எழுதிவிடுகிறோம். படிப்பவர் உடனே நடவுப் பாட்டையும் தாலாட்டையும் நினைத்துக்கொள்கிறார். கன்ட்ரிக்கு அப்படிப்பட்ட வேர்கள் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பெயரில் கடைக்கு வந்த சரக்கு 1920களில் இசைத்தட்டு நிறுவனங்கள் வகுத்த வகை. 1920இல் ஓகே என்ற நிறுவனம் மேமி ஸ்மித் என்ற கறுப்பினப் பாடகியின் பாட்டை வெளியிட்டது. ப்ளூஸ் என்ற, கறுப்பின மக்களிடையே பிறந்த இசை வகை அது. தட்டு பறந்தது. கறுப்பின மக்களும் காசு கொடுத்துத் தட்டு வாங்குவார்கள் என்பது முதலாளிகளுக்கு அப்போதுதான் உறைத்தது. மூன்று ஆண்டுகள் கழித்து அதே நிறுவனம் அட்லாண்டாவுக்குப் போய் ஜான் கார்சன் என்ற வெள்ளையரின் பிடில் வாசிப்பையும் பாட்டையும் பதிவு செய்தது. அதுவும் விற்றது. இரண்டு முயற்சியிலும் இருந்தவர் ரால்ஃப் பியர் என்ற ஒரே மனிதர்.

அதற்குப் பிறகு கறுப்பினக் கலைஞர்களின் தட்டுகளுக்கு 'ரேஸ்' (இனம்) என்று ஒரு பட்டியல், தென்மாநில வெள்ளையர்களின் தட்டுகளுக்கு 'ஹில்பில்லி' (மலைப்பட்டிக்காட்டான்) என்று இன்னொரு பட்டியல். தாளத்தைக் கேட்டோ வாத்தியத்தைப் பார்த்தோ பிரித்த பிரிவு இல்லை இது. பாடுகிறவரின் தோலையும் வாங்குகிறவரின் தோலையும் பார்த்துப் பிரித்தார்கள். ஒரே ஊர்ச் சந்தையில் ஒரே பாட்டை வாசித்துக்கொண்டிருந்த இரண்டு பேர் இரண்டு அட்டவணைகளுக்குப் போனார்கள். 1949இல், பாட்டுகளின் விற்பனை வரிசையை வெளியிடும் பில்போர்டு பத்திரிகை ஒன்றுக்கு 'ரிதம் அண்ட் ப்ளூஸ்' என்றும் மற்றொன்றுக்கு 'கன்ட்ரி அண்ட் வெஸ்டர்ன்' என்றும் பெயர் மாற்றியது. பெயர்தான் மாறியது, வேலி அப்படியே நின்றது.

வேலிக்கு உள்ளே நடந்ததைப் பாருங்கள். கன்ட்ரியின் தந்தை என்று கொண்டாடப்படும் ஜிம்மி ராட்ஜர்ஸ் 1930இல் பதிவு செய்த ஒரு பாட்டில் டிரம்பெட் வாசித்தவர் கறுப்பின ஜாஸ் மேதை லூயி ஆம்ஸ்ட்ராங். பியானோ, அப்போது ஆம்ஸ்ட்ராங்கின் மனைவியாக இருந்த லில். தட்டின் மேல் ஆம்ஸ்ட்ராங்கின் பெயர் இல்லை. கன்ட்ரியின் முதல் குடும்பம் எனப்படுவது கார்ட்டர் குடும்பம். அதன் தலைவர் ஏ. பி. கார்ட்டர் மலையூர்களில் பாட்டுச் சேகரிக்கப் போனபோது கூடவே போனவர் லெஸ்லி ரிடில் என்ற கறுப்பினக் கிதார் கலைஞர். ஒரு காலை இழந்தவர் அவர். கார்ட்டர் வரிகளை எழுதிக்கொள்வார், ரிடில் மெட்டை மனத்தில் ஏற்றிக்கொண்டு வருவார். பின்னாளில் கன்ட்ரியின் பெரும் பாடகரான ஹேங்க் வில்லியம்ஸ் சிறுவனாக இருந்தபோது அலபாமாவில் அவருக்குக் கிதார் சொல்லிக்கொடுத்தவர் ரூஃபஸ் பெய்ன் என்ற கறுப்பினத் தெருப்பாடகர். மெட்டைச் சுமந்தவர்களும் வித்தை கற்றுத்தந்தவர்களும் இவர்கள். தட்டில் பெயர் வந்தது மற்றவர்களுக்கு.

பாஞ்சோ என்ற தந்தி வாத்தியம் இல்லாத கன்ட்ரியை உங்களால் நினைக்க முடிகிறதா? அந்த வாத்தியம் ஆப்பிரிக்க வழி வந்தது. செனெகல், காம்பியா பக்கத்து ஜோலா மக்களிடம் அகோன்டிங் என்று ஒரு வாத்தியம் இன்றும் இருக்கிறது. சுரைக்குடுக்கை, அதன் வாயில் இழுத்துக் கட்டிய தோல், நீண்ட கழுத்து, கூடவே குட்டையாக ஒரு தந்தி. அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டவர்கள் அத்தகைய வாத்தியங்களின் நினைவை நெஞ்சில் எடுத்துப்போய், கரீபியத் தீவுகளிலும் அமெரிக்கத் தோட்டங்களிலும் மறுபடி செய்துகொண்டார்கள். 19ஆம் நூற்றாண்டில் வெள்ளையர்கள் முகத்தில் கரி பூசிக்கொண்டு, கறுப்பர்களைக் கேலி செய்து ஆடிய மேடைக் கூத்துகளில் பாஞ்சோவைத் தூக்கிக்கொண்டார்கள். தன்னை இழிவுபடுத்தும் மேடையில் தன் வாத்தியத்தைக் கண்டவனுக்கு அதன்மேல் எப்படிப் பற்று இருக்கும்? நாளடைவில் கறுப்பினத்தவரில் பெரும்பாலோர் அதை விட்டு விலகினார்கள். பிறகு பாஞ்சோ வெள்ளையர் வாத்தியம் என்றே உலகம் நம்பிவிட்டது. பியான்சேயின் 'டெக்சஸ் ஹோல்ட் எம்' பாட்டு பாஞ்சோவில் தொடங்குகிறது. வாசிப்பவர் ரியானன் கிடன்ஸ். வட கரோலினாவில் ஜோ தாம்சன் என்ற முதிய கறுப்பினப் பிடில் கலைஞரின் காலடியில் உட்கார்ந்து கற்று, இந்த மறந்த வரலாற்றை மீட்பதையே தொழிலாகக் கொண்ட கலைஞர். அவரை அழைத்து அந்தப் பாட்டைத் தொடங்கியது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை.

டிஃபோர்டு பெய்லியின் கதையைச் சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. குழந்தையில் போலியோ வந்து உடல் வளர்ச்சி குன்றியவர். ஹார்மோனிகாவில் ரயிலையே ஓட்டிக் காட்டுவார். கன்ட்ரியின் கோயிலாக இன்று கருதப்படும் 'கிராண்ட் ஓல் ஓப்ரி' வானொலி நிகழ்ச்சிக்கு 1927இல் அந்தப் பெயர் பிறந்ததே இவர் வாசித்து முடித்த கையோடுதான். நிகழ்ச்சியின் முதல் நட்சத்திரங்களில் ஒருவர். குழுவோடு ஊர் ஊராகப் போனபோது மற்றவர்கள் தங்கும் விடுதியில் இவருக்கு அறை கிடையாது, அவர்கள் சாப்பிடும் இடத்தில் சாப்பாடு கிடையாது. 1941இல் வேலையை விட்டு நீக்கினார்கள். அதன்பின் நாஷ்வில்லிலேயே ஷூ பாலிஷ் போட்டுப் பிழைத்தார். 1982இல் இறந்தார். கன்ட்ரி இசையின் புகழ் மண்டபத்தில் அவர் பெயரைச் சேர்த்தது 2005இல். பெயர் வைத்த நாளில் வாசித்தவரையே வாசலுக்கு வெளியே உட்கார வைத்த இசையுலகம் அது. உங்கள் 'அவரவர் இசை' என்ற சொல்லை இவருக்கு எப்படிப் பொருத்துவீர்கள்?

கறுப்பினப் பாடகர் சார்லி பிரைடு வென்றாரே என்று நீங்கள் கேட்கலாம். வென்றார். 1971இல் கன்ட்ரி சங்கத்தின் மிகப் பெரிய விருதையே வாங்கினார். ஆனால் 1966இல் அவருடைய முதல் தட்டுகளை வானொலி நிலையங்களுக்கு அனுப்பியபோது நிறுவனம் அவர் படத்தைச் சேர்க்கவில்லை. குரலை முதலில் கேட்கட்டும், முகத்தைப் பிறகு பார்க்கட்டும் என்ற கணக்கு.

இனி பியான்சேக்கு வருவோம். டெக்சஸ் மாநிலத்து ஹூஸ்டனில் பிறந்தவர். தந்தை அலபாமாக்காரர், தாய் வழியில் லூசியானா வேர். மாட்டுச் சந்தையும் குதிரையேற்றமும் ஆண்டுதோறும் பெருவிழாவாக நடக்கும் ஊர் ஹூஸ்டன். அந்த மேடையில் அவரே பாடியிருக்கிறார். 2016இல் அவர் ஒரு கன்ட்ரிப் பாட்டைப் பாடி, அதே ஆண்டு நவம்பரில் நாஷ்வில் சங்கத்தின் ஐம்பதாவது விருது விழாவில் மூன்று பெண்கள் கொண்ட ஒரு கன்ட்ரி குழுவோடு அதை மேடையேற்றினார். விழா முடிவதற்குள் இவருக்கு இங்கே என்ன வேலை என்று வசை கிளம்பியது. தனக்கு வரவேற்பில்லை என்று உணர்ந்த ஒரு பழைய அனுபவத்திலிருந்து 'கௌபாய் கார்ட்டர்' பிறந்ததாகவும், ஐந்து ஆண்டுகளுக்கு மேல் உழைத்ததாகவும் அவர் எழுதினார். எந்த அனுபவம் என்று பெயர் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை.

2024 பிப்ரவரியில் அந்த ஆல்பத்திலிருந்து 'டெக்சஸ் ஹோல்ட் எம்' பாட்டு வந்தபோது ஓக்லஹோமாவில் ஒரு வானொலி நிலையத்திடம் ஒருவர் அதைக் கேட்டார். நாங்கள் கன்ட்ரி நிலையம், பியான்சேயைப் போடுவதில்லை என்று பதில் வந்தது. கண்டனம் எழுந்த பிறகு போட்டார்கள். சில நாட்களில் அந்தப் பாட்டு பில்போர்டின் கன்ட்ரி வரிசையில் முதலிடத்துக்கு வந்தது. கறுப்பினப் பெண் ஒருவர் அந்த இடத்துக்கு வந்தது அதுவே முதல் முறை. அந்த ஆண்டு செப்டம்பரில் சங்கம் பரிந்துரைப் பட்டியலை வெளியிட்டது. இவருக்கு எதுவும் இல்லை. ராப் உலகிலிருந்து வந்த வெள்ளையரான போஸ்ட் மலோனுக்குப் பல பரிந்துரைகள். அதே ஆல்பத்தில் பியான்சேயோடு ஒரு பாட்டுப் பாடியவர்தான் அவர்.

நிறம் ஒன்றுதான் காரணம் என்று நான் சொல்ல வரவில்லை, அது உண்மையும் ஆகாது. 1974இல் ஒலிவியா நியூட்டன் ஜான் அதே சங்கத்தின் சிறந்த பாடகி விருது வாங்கியபோது, பாப் பாடகிக்கு ஏன் கொடுத்தீர்கள் என்று கொதித்த கன்ட்ரி கலைஞர்கள் தனிச் சங்கமே தொடங்கினார்கள். அவர் வெள்ளையர். தங்கள் சோற்றில் பாப் கை வைக்கிறது என்ற அச்சம் நாஷ்வில்லில் பழையது, அதில் நியாயமும் கொஞ்சம் உண்டு. ஆனாலும் ஒலிவியாவுக்கு விருதைக் கொடுத்த பிறகுதான் சண்டை வந்தது. பியான்சேக்குப் பரிந்துரையே கிடைக்கவில்லை. கறுப்பினப் பாடகரான ஷபூசி அதே ஆண்டு அந்தப் பட்டியலில் இடம்பிடித்ததையும் சொல்லிவிடுகிறேன். கதவு மொத்தமாக அடைத்திருக்கவில்லை. யாருக்கு, எவ்வளவு திறப்பது என்று முடிவு செய்கிற கை எதுவென்பதுதான் என் கவலை.

ஆல்பம் எப்படி என்று நீங்கள் கேட்கவில்லை, நான் சொல்கிறேன். இருபத்தேழு தடங்கள், அதிகம். நடுவில் வரும் பேச்சுத் துண்டுகளில் சிலவற்றை எடுத்திருக்கலாம். கன்ட்ரி பாடகி டாலி பார்ட்டனின் 'ஜோலீன்' பாட்டை இவர் மாற்றிப் பாடியது எனக்குப் பிடிக்கவில்லை. மூலத்தில் ஒரு பெண் தன் கணவனைக் கவரக்கூடிய இன்னொருத்தியிடம் கெஞ்சுகிறாள். அந்தக் கெஞ்சலில்தான் பாட்டின் உயிர் இருக்கிறது. இவர் மிரட்டுகிறார், பாட்டு சின்னதாகிவிடுகிறது. ஆனால் பதினைந்து வயதில் வீட்டை விட்டு உழைக்கப் போனதைப் பாடும் '16 கேரேஜஸ்' உண்மையான கன்ட்ரி. உழைப்பு, களைப்பு, தாய் தந்தையரின் கண்ணீர், நீளும் சாலை. இந்தப் பாட்டைப் புகழ்பெறாத ஒருவர் பாடியிருந்தால் அது எந்த வகை என்று யாரும் விசாரித்திருக்க மாட்டார்கள்.

கிராமி கொடுத்தது அரசியலா என்று நீங்கள் கேட்கலாம். கன்ட்ரி ஆல்பம் பிரிவில் கறுப்பினக் கலைஞர் ஒருவர் வெல்ல 2025 பிப்ரவரி வரை ஆயிற்று. அரசியலைத் தேடுகிறவர் அதற்கு முந்தைய ஆண்டுகளில் தேடட்டும்.

கடைசியாக, கேட்கத் தொடங்குவதென்றால் பியான்சேயிலிருந்து தொடங்காதீர்கள். 1970இல் வந்த 'கலர் மி கன்ட்ரி' என்ற ஆல்பத்தைத் தேடிக் கேளுங்கள். பாடியவர் லிண்டா மார்ட்டெல், தென் கரோலினாக்காரர். 1969இல் ஓப்ரி மேடையில் தனித்துப் பாடிய முதல் கறுப்பினப் பெண். வெளியூர் நிகழ்ச்சிகளில் கூட்டத்திலிருந்து இன வசைகள் வரும், பாடிக்கொண்டே இருந்தார். நிறுவனம் அவரைக் கைவிட்டது, இரண்டாவது கன்ட்ரி ஆல்பம் வரவே இல்லை. பிற்பாடு ஊர் திரும்பிப் பள்ளிப் பேருந்து ஓட்டினார். 'கௌபாய் கார்ட்டர்' வெளியானபோது அவருக்கு வயது 82. அதில் ஒரு பாட்டின் தொடக்கத்தில், இசை வகைகள் என்ற வரையறை எளிதாகத் தெரிந்தாலும் சிலருக்கு அது அடைப்பாகிவிடுகிறது என்ற பொருளில் பேசுகிறார். அந்தப் பாட்டுக்காகத்தான் அவருக்கு வாழ்க்கையில் முதல் கிராமி பரிந்துரை வந்தது. முதலில் அவருடைய இளமைக் குரல், பிறகு அந்த 82 வயதுக் குரல். இந்த வரிசையில் கேட்டுவிட்டு எழுதுங்கள். உங்கள் அடுத்த கடிதத்தையும் இதே பக்கத்தில் வெளியிடுகிறேன்.