போர்க்கால ஜப்பானிய சினிமாவில் அதிகம் பேசப்படாத நடிகை என்றால் யாரைச் சொல்வீர்கள்?

யோகோ யகுச்சி. பெயரைச் சொன்னால் 'யார் அது?' என்பார்கள். புகழ்பெற்ற ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவின் மனைவி என்றால்தான் 'ஓ, அவரா' என்று தலையாட்டுவார்கள்.

1944-இல் தோஹோ ஸ்டுடியோ வெளியிட்ட, குரோசாவா இயக்கிய 'இச்சிபன் உத்சுகுஷிகு' ('மிக அழகாக') படத்தின் நாயகி இவர். ராணுவத்துக்கு லென்ஸ் செய்யும் தொழிற்சாலையில் வேலைபார்க்கும் இளம்பெண்களின் கதை. உற்பத்தியை ஆண்கள் இரு மடங்காகவும் பெண்கள் ஒன்றரை மடங்காகவும் கூட்ட வேண்டும் என்று உத்தரவு வருகிறது. எங்களுக்கு மட்டும் ஏன் குறைச்சல் என்று பெண்கள் கோபித்துக்கொள்கிறார்கள்! அக்மார்க் பிரசாரப் படம்தான்.

ஆனால் யகுச்சி வரும் இடங்களில் பிரசாரம் மறந்துபோகிறது. சரிபார்க்காத ஒரே ஒரு லென்ஸ் மற்றவற்றோடு கலந்துவிட, அதைத் தேடி ராத்திரி முழுக்க மைக்ராஸ்கோப் முன்னால் உட்கார்ந்திருக்கிறார். கண் சொருகுகிறது, தூங்கிவிடாமல் இருக்கப் பாடுகிறார். கடைசிக் காட்சியில், அம்மா இறந்த செய்தி வந்தும் ஊருக்குப் போகாமல் அதே மைக்ராஸ்கோப்பில் குனிகிறார். கண்ணீர் பார்வையை மறைக்கிறது. துடைத்துக்கொண்டு மறுபடி குனிகிறார். நாட்டுப்பற்றுக்காக எழுதிய காட்சி. எனக்கென்னவோ அழக்கூட நேரம் கிடைக்காத ஒரு பெண்தான் தெரிந்தாள்.

நடிப்பு வாடை போக வேண்டும் என்று நடிகைகளை நிஜத் தொழிற்சாலை விடுதியில் தங்கவைத்து, ஓடவிட்டு, பேண்டு வாசித்து அணிவகுக்கவும் வைத்தார் குரோசாவா. சும்மா இருப்பார்களா? எல்லோர் சார்பிலும் போய் இயக்குநரோடு மல்லுக்கு நின்றவர் யகுச்சி. பயங்கரப் பிடிவாதக்காரி என்று குரோசாவாவே பின்னாளில் எழுதினார். (அவர் மட்டும் என்னவாம்!)

அப்புறம், 1945 மே மாதம் டோக்கியோவில் குண்டுவீச்சுக்கு நடுவே அந்த இருவருக்கும் கல்யாணம் நடந்தது. யகுச்சி நடிப்பை விட்டுவிட்டார். புருஷனின் சம்பளம் தான் வாங்கியதில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை என்பது அதற்குப் பிறகுதான் அவருக்குத் தெரிந்ததாம்.

1985 பிப்ரவரியில், குரோசாவாவின் 'ரான்' படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோது யகுச்சி இறந்தார். குரோசாவா ஒரே ஒரு நாள் படப்பிடிப்பை நிறுத்திவிட்டு, மறுபடி வேலைக்குப் போனார்.