பாலஸ்தீனத்தில் முதலில் குடியேறிய யூத விவசாயிகளைப் பெரிதும் வதைத்தது வறட்சியா?

பலரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். ஆனால் கடலோரச் சமவெளியில் அவர்களைக் கொன்றது தேங்கிக் கிடந்த தண்ணீர். ஒட்டோமான் ஆட்சியில், 1891இல், ரஷ்யப் பேரரசிலிருந்து வந்தவர்கள் நிறுவிய ஹதேரா என்ற யூதக் குடியிருப்பு இதற்குத் துயரமான சான்று. யூதக் குடியேற்றங்களுக்கு நிலம் வாங்கித் தந்துவந்த யெகோசுவா ஹான்கின் வாங்கித் தந்த அந்நிலத்தின் பெயரே பசுமையைக் குறிக்கும் அரபுச் சொல்லிலிருந்து வந்தது. அது சதுப்பின் பசுமை என்பதை, 'கான்' எனப்பட்ட பழைய கட்டடத்தில் நெருக்கியடித்துத் தங்கியிருந்த குடும்பங்கள், மலேரியா ஒவ்வொருவராகச் சாய்த்தபோதுதான் முழுமையாக உணர்ந்தன. கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியை ரொனால்டு ராஸ் செகந்திராபாத்தில் கண்டதே 1897இல்தான். அதுவரை சதுப்பிலிருந்து எழும் கெட்ட காற்றையே பெரும்பாலோர் பழித்தார்கள். உள்ளூர் இடுகாட்டின் கல்லறைக் கற்களைக் கொண்டு கணக்கிட்டால், 540 பேரில் 210 பேர் இந்நோயால் மாண்டிருக்கிறார்கள். நெஞ்சைப் பதறவைக்கும் கணக்கு இது. பின்னர், பிரெஞ்சு யூதச் செல்வந்தர் பாரன் எட்மண்ட் டி ராத்ஸ்சைல்டின் பணத்தில் தைலமரங்கள் நடப்பட்டன, வடிகால்களும் வெட்டப்பட்டன. மரங்களே சதுப்பை உறிஞ்சி வற்றவைத்தன என்று சொல்வதுண்டு. என் கருத்தில் பெரும்பங்கு வாய்க்கால்களுடையது. அவற்றை வெட்ட வந்த எகிப்தியத் தொழிலாளர்களிலும் பலர் அதே காய்ச்சலுக்குப் பலியானார்கள்.