நவஹோ பிரசிடென்ட்: கையெழுத்து போட ஒரு ஆள் (வாசகர் கடிதமும் பதிலும்)

வணக்கம் சார்,

ரெண்டாம் உலகப்போர்ல நவஹோங்கிற அமெரிக்க பழங்குடி ஆட்கள் தங்களோட மொழியிலயே ரகசிய மெசேஜ் அனுப்பினத பத்தி நீங்க எழுதினத படிச்சேன். அதுல ஒரு இடத்துல "பின்னாடி நவஹோ சேர்மனா வந்த பீட்டர் மெக்டொனால்ட்"னு ஒரு வரி வருது. கூகுள் பண்ணி பாத்தா இப்ப அங்க பிரசிடென்ட், வைஸ் பிரசிடென்ட், ஸ்பீக்கர், சுப்ரீம் கோர்ட்னு எல்லாமே இருக்கு. அமெரிக்காவுக்குள்ள இன்னொரு பிரசிடென்டா? பழங்குடின்னா ஒரு சீஃப் இருப்பார், பரம்பரையா வருவார்னுதான் இத்தனை நாளா நெனச்சிட்டு இருந்தேன். இதெல்லாம் நெஜ அதிகாரமா, இல்ல நம்ம ஊர் பஞ்சாயத்து தலைவர் மாதிரி பேருக்குதானா? அமெரிக்கா பெரிய மனசு பண்ணி குடுத்த சலுகைன்னு எடுத்துக்கலாமா? நேரம் இருந்தா எழுதுங்க.

ஒரு வாசகர்

---

அன்புள்ள நண்பருக்கு,

பஞ்சாயத்து தலைவர் பதவி பேருக்குதான்னு உங்களுக்கு யார் சொன்னது, எங்க ஊர் பக்கம் வந்து அத சத்தமா சொல்லிப் பாருங்க. சரி, அது கெடக்கட்டும்.

மொதல்ல அந்த சலுகை மேட்டர முடிச்சிடலாம், ஏன்னா அங்கதான் எனக்கு சுருக்குன்னுச்சு. யாரும் யாருக்கும் எதையும் குடுக்கல. அமெரிக்கான்னு ஒரு நாடு வர்றதுக்கு முன்னாடியே அந்த மண்ணுல தங்கள தாங்களே ஆண்டுக்கிட்டு இருந்த ஜனங்க அவங்க, தங்கள டினேன்னு சொல்லிப்பாங்க. அமெரிக்க சட்டமும் அத அப்படித்தான் பாக்குது. பிடுங்கினது போக மிச்சம் இருக்கிறது அவங்க சொந்த அதிகாரம், வாஷிங்டன் போட்ட பிச்சை இல்ல. ஆனா அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் நெனச்சா இன்னும் பிடுங்கலாம்னு சொல்றதும் அதே சட்டம்தான். இன்னிக்கு அரிசோனா, நியூ மெக்சிகோ, யூட்டா மூணு ஸ்டேட்லயும் பரவிக் கெடக்குது அவங்க மண்ணு, கிட்டத்தட்ட 70,000 சதுர கிலோமீட்டர். பதிவான உறுப்பினர்கள் ஏறக்குறைய 4 லட்சம் பேர், அதுல நெறைய பேர் வெளியூர்ல இருக்காங்க. தலைநகரம் அரிசோனாவுல இருக்கிற விண்டோ ராக்.

இப்ப சீஃப் விஷயம். அப்படி ஒருத்தர் இருந்ததே இல்ல. சினிமா பாத்து நமக்கெல்லாம் பதிஞ்சு போன படம் அது. அவங்க ஊர்ல இருந்தது நாட்டானிங்கிற தலைவர்கள், ஒவ்வொரு பகுதிக்கும் ஒவ்வொருத்தர். அமைதிக்கு தனியா, சண்டைக்கு தனியா கூட இருந்தாங்க. ஒருத்தர் பேச்ச நாலு பேர் கேக்கிற வரைக்கும்தான் அவர் தலைவர், கேக்கலன்னா அவ்ளோதான், போலீஸ வெச்சு கேக்க வைக்கிற வேலையெல்லாம் கெடையாது. இங்கதான் வந்தவன் எல்லாருக்கும் சிக்கல் ஆச்சு. ஸ்பெயின்காரன், மெக்சிகோகாரன், அமெரிக்காகாரன் எல்லாருக்கும் தேவைப்பட்டது கையெழுத்து போட ஒரு ஆள். யாரோ ரெண்டு மூணு தலைவர்கள கூட்டி வெச்சு ஒப்பந்தம் போடுவாங்க, அதுல இல்லாத மத்த தலைவர்கள் அத மதிக்க மாட்டாங்க, அவங்க ஏன் மதிக்கணும், உடனே "நவஹோ வாக்கு தவறிட்டான்"னு துப்பாக்கிய தூக்கிட்டு வந்துடுவாங்க. 1849ல நர்போனான்னு ஒரு வயசான தலைவர், பேச்சுவார்த்தைக்குன்னு வந்தவர், பேச்சு முடிஞ்ச கையோட ஒரு குதிரை தகராறுல அமெரிக்க சிப்பாய்கள் சுட்டு செத்தார்.

அப்புறம் கிட் கார்சன்ங்கிற அமெரிக்க ராணுவ அதிகாரி. 1863-64ல சோளக்கொல்லை, பீச் மரம், ஆடு எல்லாத்தையும் அழிச்சு, பட்டினி போட்டு, ஆயிரக்கணக்கான பேர நடக்க வெச்சே நியூ மெக்சிகோ கிழக்கு பக்கம் ஃபோர்ட் சம்னருக்கு கொண்டுபோய் அடைச்சாங்க. நாலு வருஷம், 2,000 பேருக்கு மேல அங்க செத்துப்போனாங்க. 1868ல ஜெனரல் ஷெர்மன் வந்து ஓக்லஹோமா பக்கம் போயிடுறீங்களான்னு கேக்கிறார். பார்போன்சிட்டோன்னு ஒரு தலைவர், எல்லார் சார்பாவும் பேசுறதுக்குனு ஜனங்க முன்னாடி நிறுத்தினவர், மாட்டோம், எங்க ஊருக்குதான் போவோம்னு ஒத்தக்கால்ல நின்னு சாதிச்சார். ஜூன் 1, 1868 ஒப்பந்தம். அமெரிக்க வரலாத்துல இப்படி சொந்த மண்ணுக்கே திரும்பிப் போக சம்மதம் வாங்கினவங்க ரொம்ப கொறச்சல். அந்த ஒப்பந்தத்துல கூட பார்போன்சிட்டோ மட்டும் இல்ல, மனுவலிட்டோ, கனாடோ முச்சோன்னு வரிசையா பல பேர் கையெழுத்துக்கு பதிலா பெருக்கல் குறி போட்டிருக்காங்க.

சரி, பிரசிடென்ட் எங்கேர்ந்து வந்தார்? எண்ணெய்லேர்ந்து வந்தார். வெளையாட்டுக்கு சொல்லல. 1920கள் ஆரம்பத்துல அவங்க மண்ணுல ஷிப்ராக்ங்கிற ஊர் பக்கம் பெட்ரோலியம் கெடச்சது. கம்பெனிகளுக்கு லீஸ் வேணும், லீசுக்கு கையெழுத்து வேணும், இவ்ளோ பெரிய நெலத்துக்கு ஒட்டுமொத்தமா போட ஆள் இல்ல. அதனால வாஷிங்டனே ஒரு கவுன்சில உண்டாக்குச்சு, 12 பேர். மொத கூட்டம் 1923 ஜூலை 7. விதிகள எழுதினதும் வாஷிங்டன்தான், அவங்க அனுப்பின அதிகாரி இல்லாம கூட்டமே போடக்கூடாது. அந்த மொத கூட்டத்துல என்ன தீர்மானம் போட்டாங்கன்னா, எங்க சார்பா லீஸ்ல கையெழுத்து போடற அதிகாரத்த இந்த அதிகாரிக்கே குடுக்கிறோம்னு. எண்ணிப் பாருங்க, கையெழுத்து போடறதுக்குனு ஒரு சபை, அந்த சபை செஞ்ச மொத வேலையே அந்த கையெழுத்த வேற ஒருத்தர் கையில குடுத்தது! மொத சேர்மன் ஹென்றி சீ டாட்ஜ், சின்ன பையனா அந்த ஃபோர்ட் சம்னர் கொடுமைய பாத்தவர், ரெண்டு மொழியும் தெரிஞ்ச துபாஷியா இருந்து மேல வந்தவர். அவர மட்டும் கைப்பாவைன்னு சொல்லிட மாட்டேன், ஆளு கெட்டிக்காரர். அவர் மகள் ஆனி வானிகா பின்னாடி கவுன்சிலுக்கு வந்து காசநோய எதுத்து வீடு வீடா அலைஞ்ச கதைய தனியாவே எழுதணும்.

அடுத்தது ஆடு. 1930கள்ல மண் அரிக்குது, மேய்ச்சல் ஜாஸ்தின்னு ஜான் காலியர்ங்கிற ஃபெடரல் அதிகாரி ஆடுகளோட எண்ணிக்கைய கொறைக்க சொல்லிட்டார். ஆயிரக்கணக்குல ஆடுகள சுட்டு அப்படியே அழுக விட்டாங்க. அங்க மந்தைய பெரும்பாலும் பொம்பளைங்கதான் வெச்சிருந்தாங்க, அவங்க கைமுதலே போச்சு. இதே காலியர்தான் பழங்குடிகளுக்கு அரசியல் சட்டம், சுயாட்சின்னு ஒரு நல்ல சட்டத்தையும் கையில வெச்சுக்கிட்டு ஓட்டு கேக்க வந்தார். 1935ல நவஹோ ஜனங்க சில நூறு ஓட்டு வித்தியாசத்துல வேணாம்னுட்டாங்க. ஆட்ட கொன்னவன் எத நீட்டினாலும் வாங்கக்கூடாதுங்கிற கோவம். அதனால இன்னிக்கு வரைக்கும் நவஹோவுக்கு எழுதி வெச்ச அரசியல் சட்டம் கெடையாது. 1938ல ஒரு விதித்தொகுப்பு வந்துச்சு, 74 பேர் கவுன்சில், சேர்மன ஜனங்களே நேரடியா தேர்ந்தெடுக்கலாம்னு, அதுமேல மேல சட்டங்கள அடுக்கி அடுக்கித்தான் இப்ப இருக்கிற கட்டடம்.

எனக்கு ரொம்ப பிடிச்ச திருப்பம் இங்கதான் வருது. 1970கள் கடைசியில கவுன்சில், எங்க மண்ணுல தோண்டுற கம்பெனி எங்களுக்கு வரி கட்டணும்னு சட்டம் போட்டாங்க. கெர்-மெக்கீங்கிற கம்பெனி கோர்ட்டுக்கு போச்சு, வாஷிங்டன் ஒப்புதல் இல்லாம வரி செல்லாதுன்னு. 1985ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட், எந்த ஒப்புதலும் தேவையில்ல, செல்லும்னு சொல்லிடுச்சு. காலியர் சட்டத்துக்கு கீழ அரசியல் சட்டம் எழுதிக்கிட்ட பழங்குடிகள்ல பல பேர் வரி போட உள்துறை செயலரோட சம்மதம் வாங்கணும்னு அதுலயே எழுதி வெச்சிருந்தாங்க. நவஹோதான் அந்த சட்டத்த வாங்கவே இல்லியே. அம்பது வருஷத்துக்கு முன்னாடி கோவத்துல போட்ட ஓட்டு வரி வசூலா திரும்பி வந்துச்சு. அப்ப ஓட்டு போட்ட ஆட்டுக்கார பாட்டிக்கு இது தெரிஞ்சா சிரிச்சிருப்பா.

இப்ப நீங்க கேட்ட மெக்டொனால்டுக்கு வரேன். பதினஞ்சு வயசுல மரைன் படையில சேந்தவர், இஞ்சினியர், 1971லேர்ந்து மூணு தடவ தொடர்ந்து சேர்மன், அப்புறம் 1987ல மறுபடியும். நிலக்கரி, யுரேனியம் கம்பெனிகள்கிட்ட பேரம் பேசி கூடுதல் காசு கேட்டவர், அந்த பெருமைய அவருக்கு குடுத்தே ஆகணும். ஆனா அந்த காலத்து சேர்மன் பதவின்னா அரசாங்கத்த நடத்துறதும் அவர்தான், கவுன்சில் கூட்டத்துக்கு தலைமை தாங்குறதும் அவர்தான், எந்த கமிட்டியில யாருன்னு போடறதும் அவர்தான். அப்ப என்ன ஆகும், நமக்கு தெரியாததா. 1987ல பிக் போகியாஸ்னு ஒரு பண்ணைய நவஹோ அரசாங்கம் 33.4 மில்லியன் டாலருக்கு வாங்குச்சு, வித்தவர் அத வாங்கினது அதே நாள்ல 26.2 மில்லியனுக்கு. அதுல சேர்மனுக்கு பங்குனு வெளிய வந்துச்சு. 1989 பிப்ரவரியில கவுன்சில் அவர லீவ்ல அனுப்புச்சு, அவர் ஆட்கள் ஏத்துக்கல, ஜூலை 20 அன்னிக்கு விண்டோ ராக்ல கலவரம், அவர் ஆதரவாளர்கள் ரெண்டு பேர் போலீஸ் துப்பாக்கிச்சூட்டுல செத்தாங்க. பழங்குடி கோர்ட்லயும் அப்புறம் ஃபெடரல் கோர்ட்லயும் அவருக்கு தண்டனை ஆச்சு, 2001ல கிளின்டன் பதவிய விட்டு போறப்ப தண்டனைய கொறச்சு விட்டார்.

அந்த 1989 டிசம்பர்லயே சேர்மன் பதவிய ரெண்டா வெட்டிட்டாங்க. ஆட்சி நடத்த பிரசிடென்ட், நாலு வருஷத்துக்கு ஜனங்க ஓட்டுல வர்றவர். கவுன்சிலுக்கு ஸ்பீக்கர், உறுப்பினர்களே தங்களுக்குள்ள ரெண்டு வருஷத்துக்கு தேர்ந்தெடுக்கிறவர். கோர்ட் தனி. பிரசிடென்ட் வீட்டோ போடலாம், கவுன்சில் மூணுல ரெண்டு பங்கு இருந்தா அத தாண்டலாம். மொத பிரசிடென்ட் பீட்டர்சன் ஸா, 1991ல. பேரு வாஷிங்டன் மாதிரி இருக்கேன்னு உங்களுக்கு தோணுது, எனக்கும் மொதல்ல தோணுச்சு, ஆனா பழைய கதைய சேத்து படிச்சா இது அவங்க பழக்கத்துக்குதான் கிட்டக்க வருது. ஒத்த ஆள் கையில எல்லாத்தையும் குடுக்கிறது வெளியூர்காரன் பழக்கம்.

அதோட முடியல. கவுன்சில் 88 பேரா பெருத்து, செலவு செலவுன்னு ஜனங்க கடுப்பாகி, 2009 டிசம்பர்ல பிரசிடென்ட் ஜோ ஷர்லி முன்னெடுத்த ஓட்டெடுப்புல அத 24ஆ கொறச்சாங்க, பட்ஜெட்ல வரி வரியா வெட்டுற வீட்டோவும் பிரசிடென்ட்டுக்கு போச்சு. இது நல்லதான்னா எனக்கு டவுட்டுதான். 110 சாப்டர் (ஊர் அளவு அமைப்பு) இருக்கு, 24 பேர், ஒருத்தர் தலையில நாலு அஞ்சு ஊர், நடுவுல தார் போடாத ரோடு. கவுன்சிலுக்கு கடிவாளம் போடறேன்னு தூரமாக்கி விட்டுட்டாங்கன்னு தோணுது.

சாப்டர்னா அடிமட்ட அமைப்பு, நீங்க சொன்ன பஞ்சாயத்துக்கு கிட்டக்க வர்றது அதுதான், பிரசிடென்ட் இல்ல. 1927ல லூப்ங்கிற ஊர்ல ஒரு ஃபெடரல் அதிகாரி விவசாயம், ஆடு வளர்ப்பு பத்தி பேச ஆரம்பிச்சு வெச்சது, ஜனங்களுக்கு பிடிச்சுப்போய் எங்க பாத்தாலும் மொளச்சுது. ஆட்டு பிரச்சினை வந்தப்ப இதே சாப்டர்ல கூடித்தான் எதிர்ப்பு கெளம்புச்சு, அரசாங்கம் உதவிய நிறுத்திடுச்சு, அப்பவும் சாகல, 1955ல கவுன்சிலே அங்கீகாரம் குடுத்துச்சு. வெறகு, தண்ணி, வீட்டுக்கு கரண்ட் கனெக்‌ஷன், மேய்ச்சல் தகராறு எல்லாம் சாப்டர் ஹவுஸ்லதான் ஓடும். கூட்டத்துக்கு கோரம், அதாவது குறைஞ்சபட்ச ஆட்கள், சேரலன்னா ஒண்ணும் நடக்காது, திரும்பி வீட்டுக்கு போகணும். ஒரு குடும்பத்துக்கு தண்ணி லைன் வருமா வராதாங்கிறதுல விண்டோ ராக் ஆபீசவிட இந்த கூட்டத்துக்கு பங்கு ஜாஸ்தி.

அதிகாரத்தோட எல்லையையும் சொல்லிடணும். சொந்த போலீஸ் இருக்கு, கோர்ட் இருக்கு, ஆனா கொலை மாதிரி பெரிய குற்றம்னா எஃப்.பி.ஐ. வரும். நெலம் பெரும்பாலும் ஃபெடரல் அரசாங்கத்தோட டிரஸ்ட்ல இருக்கு, சொந்த மண்ணுல வீடு கட்டவே லீஸ் எடுக்கணும், அந்த பேப்பர் நகர்ற வேகம் கேட்டா நம்ம தாலுகா ஆபீசே தேவலன்னு தோணும். மூணுல ஒரு வீட்டுல குழாய்த் தண்ணி கெடையாது. கொலராடோ ஆத்துல எங்க பங்கு எவ்ளோன்னு கணக்காவது எடுத்து சொல்லுங்கன்னு அரசாங்கத்து மேல கேஸ் போட்டாங்க. 2023ல சுப்ரீம் கோர்ட் அஞ்சுக்கு நாலுன்னு தள்ளிடுச்சு, 1868 ஒப்பந்தத்துல அப்படி ஒரு கடமை எழுதலியாம். எதிர்த்து எழுதின ஜட்ஜ் கோர்சச், இவங்க எந்த வரிசையில நின்னாலும் இது தப்பான வரிசை, அடுத்ததுக்கு போன்னே சொல்றாங்கன்னு எழுதினார்.

2014ல ஒரு கூத்து நடந்துச்சு. பிரசிடென்ட்டுக்கு நிக்கிறவர் டினே மொழிய நல்லா பேசணும்னு சட்டம். கிரிஸ் டெஷீன்ங்கிறவர் மொத சுத்துல ரெண்டாவதா வந்தார், மொழி டெஸ்ட்டுக்கு ஒத்துக்கல, ஓட்டுச்சீட்டெல்லாம் அடிச்சதுக்கு அப்புறம் தகுதி நீக்கம் ஆனார். தேர்தலே அடுத்த வருஷத்துக்கு தள்ளிப்போச்சு. அப்புறம் 2015ல இன்னொரு ஓட்டெடுப்பு வெச்சு, ஒருத்தருக்கு மொழி போதுமா போதாதாங்கிறத ஓட்டு போடறவங்களே பாத்துக்கட்டும்னு மாத்திட்டாங்க. பழைய ஆட்கள் பலருக்கு இதுல இன்னும் வருத்தம் உண்டு, எனக்கு ரெண்டு பக்கமும் நியாயம் தெரியுது.

2023 ஜனவரியில பிரசிடென்ட் பதவிக்கு வந்தவர் பூ நைக்ரன், 2022 தேர்தல்ல அப்ப பிரசிடென்டா இருந்த ஜோனத்தன் நெஸ தோக்கடிச்சு முப்பத்தாறு வயசுல வந்தவர். அவரோட வந்த வைஸ் பிரசிடென்ட் ரிச்செல் மொன்டோயா, அதே 2023ல ஸ்பீக்கர் ஆன கிரிஸ்டலின் கர்லி, அந்தந்த பதவிக்கு இவங்கதான் மொத பெண்கள். அதுக்கு அடுத்த தேர்தல் 2026 நவம்பர். கவுன்சில் வருஷத்துக்கு நாலு தடவ கூடும், ஹோகன்ங்கிற அவங்க வீட்டு அமைப்புல எட்டு பக்கமா கட்டின கல் கட்டடத்துல. கூட்டம் ஆன்லைன்ல லைவா வருது, பாதி டினே மொழி பாதி இங்கிலீஷ்னு கலந்து பேசுவாங்க, புரியலன்னாலும் ஒரு அரை மணி நேரம் பாருங்க. பட்ஜெட் விவாதம் ஓடற நாளா இருந்தா இன்னும் நல்லா இருக்கும்.

அன்புடன்.