பேட்டி, பின்னணிக் குரல் இல்லாமல் அன்றாட வாழ்க்கையை ஆவணப்படமாக எடுப்பது எப்படி? கேமராவைப் பார்த்ததும் எல்லோரும் நடிக்கிறார்களே?

மறைந்திருந்து எடுத்தால் சரியாகிவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். தூரத்திலிருந்து 200 மி.மீ. லென்ஸில் எடுத்தால் வேவு பார்த்தது போலத்தான் இருக்கும், பேச்சும் பதியாது. ஃபுல் ஃபிரேம் கேமராவில் (35 மி.மீ. ஃபிலிம் அளவு சென்சார் உள்ளது) 28 அல்லது 35 மி.மீ. அகலக் கோண லென்ஸ் போட்டு, ஒன்றரை மீட்டர் தள்ளி, அவர்கள் கண்ணில் படும்படியே நில்லுங்கள்.

கைவேலை இருக்கும் நேரத்தில் எடுத்தால் நடிப்பு தானாகக் குறையும். சும்மா உட்கார்ந்திருப்பவர் கேமராவைத்தான் பார்ப்பார். துணி தைப்பவர் ஊசியைப் பார்ப்பார். அதனால் முதலில் கேமரா இல்லாமல் போய், எந்த வேலை எப்போது தொடங்குகிறது, வெளிச்சம் எங்கே விழுகிறது, யார் யாரோடு பேசுகிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். "இன்னொரு தடவை செய்யுங்க" என்று மட்டும் கேட்காதீர்கள். அதற்குப் பிறகு எல்லாமே உங்களுக்காகச் செய்வதாகிவிடும்.

புதியவர்கள் பெரும்பாலும் சறுக்குவது, பேச்சு முடிந்ததுமே ரெக்கார்டிங்கை நிறுத்துவதில். இன்னும் 10 நொடியாவது ஓடவிடுங்கள். சொன்ன சொல் எதிரில் இருப்பவர் முகத்தில் என்ன செய்தது என்பது அதில்தான் இருக்கும். பேசுபவரையே துரத்தவும் வேண்டாம். கேட்பவர் முகம், கைகள், கருவிகள் ஆகியவற்றைத் தனித்தனி ஷாட்டாக எடுத்து வைக்காவிட்டால், 20 நிமிடப் பேச்சை எடிட்டிங்கில் 2 நிமிடமாகச் சுருக்க வழியே இருக்காது. ஒருவர் ஃபிரேமைவிட்டுப் போனால் பின்னாலேயே போகாதீர்கள். காலியான ஃபிரேமில் வெட்டி அடுத்த இடத்துக்குத் தாவுவது சுலபம்.

ஒலிக்கு வருவோம். படம் கொஞ்சம் ஆடினால் பொறுத்துக்கொள்வார்கள், பேச்சு புரியாவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். 1960 வாக்கில் தோளில் தூக்கும் 16 மி.மீ. கேமராவும் அதோடு ஒத்து ஓடும் டேப் ரெக்கார்டரும் வந்த பிறகுதான் இந்தப் பாணியே வேரூன்றியது. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மேன் கேமராவை ஒளிப்பதிவாளரிடம் கொடுத்துவிட்டு ஒலிப்பதிவைத் தானே செய்தார்; காட்சி எந்தப் பக்கம் திரும்பும் என்பது காதுக்குத்தான் முதலில் தெரியும். முக்கியமானவர் சட்டையில் ஒரு மைக், கேமராவில் ஒரு ஷாட்கன் மைக் (நேர் எதிரே வரும் ஒலியை மட்டும் அதிகம் பிடிக்கும் நீள மைக்) போதும். ஒலி மீட்டரில் பேச்சின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தொடும்படி பதிவு அளவைக் கையால் வையுங்கள். அளவைக் கேமராவே மாற்றிக்கொள்ளும் ஆட்டோ முறையில் விட்டால் மௌனம் வரும்போதெல்லாம் இரைச்சல் ஏறும். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாத ஒரு நிமிட ஒலியைத் தனியாகப் பிடித்து வையுங்கள். இல்லையென்றால் வெட்டுகிற இடமெல்லாம் மின்விசிறிச் சத்தம் குதிக்கும்.

100 எம்பிபிஎஸ் (நொடிக்கு 100 மெகாபிட்) வேகத்தில் எடுத்தால் மணிக்கு சுமார் 45 ஜிபி ஆகும். 50 மணி நேரத்துக்கு இரண்டு பிரதி வைக்க 4.5 டிபி வேண்டும். எடுத்த அன்றே பார்த்துக் குறிப்பெழுதாவிட்டால் பிறகு அந்தக் குவியலில் எதையும் தேடி எடுக்க முடியாது.

முதல் நாள் வாங்கிய கையெழுத்தோடு அனுமதி விஷயம் முடியாது. கேமராவை மறந்து கடன், நோய், குடும்பச் சண்டை பற்றிப் பேசியிருப்பார்கள். அந்தக் காட்சிகளை எடிட் முடிந்ததும் அவர்களுக்குப் போட்டுக் காட்டி, வைக்கலாமா என்று மறுபடி கேளுங்கள்.